முரளியின் முழங்கையும் எங்கள் ஊர் நடுவரும்

கந்தளாயில் சிறுபோக அறுவடை முடிந்துவிட்டால், பெரும்போகத்துக்கு நீர் திறக்கும்வரை வயல்களுக்கு ஓய்வு. எங்கள் இளைஞர்களுக்கு அதுவே விளையாட்டுக் காலம். குளத்துக்குக் கீழேயுள்ள பொதுக் காணியைச் செருக்கி, நடுவில் தென்னந்தும்புப் பாயை விரித்து, நாலு மூலையிலும் ஆணி அடித்துவிட்டால் மைதானம் தயார். தமிழ், முஸ்லிம், சிங்களப் பிள்ளைகள் ஒரே அணியில் ஆடுவதை நம் பகுதியில் வேறெங்கும் இவ்வளவு இயல்பாகக் காண முடியாது என்பதால், இப்படியான போட்டிகளுக்கு அழைத்தால் நான் தட்டிக்கழிப்பதில்லை. பரிசு வழங்க ஒரு பாதரும் ஒரு கிராம அலுவலரும் இல்லாமல் எங்கள் பக்கத்தில் எந்தப் போட்டியும் நிறைவுறுவதில்லை என்பது வேறு விடயம்.

சென்ற ஆண்டு நடந்த ஒரு போட்டியில் பதினேழு வயது மாணவன் ஒருவன் சுழற்பந்து வீச வந்தான். அவனுடைய வலது கை முற்றாக நிமிராது. எட்டு வயதில் மாமரத்திலிருந்து விழுந்து முழங்கை உடைந்தது. அது பொருந்திய விதம் அப்படி. முதல் பந்து நன்றாகத் திரும்பியது. இரண்டாவது பந்துக்கு, காற்பக்கம் நின்ற நடுவர் கையை நீட்டி ‘நோ போல்’ என்றார். அடுத்ததுக்கும் அப்படியே. அந்த ஓவரில் மூன்று முறை. என்ன காரணம் என்று எல்லோருக்கும் விளங்கிவிட்டது. அவன் பந்தை வீசவில்லை, எறிகிறான் என்பதே தீர்ப்பு. தலைவர் அவனிடமிருந்து பந்தை வாங்கிக்கொண்டார். மிகுதி நேரம் அவன் எல்லைக் கோட்டருகே நின்றான். யாரும் அவனோடு பேசவில்லை.

மாலையில் பரிசளிப்பு முடிந்து மோட்டார் சைக்கிளை எடுக்கப் போனபோது பக்கத்தில் வந்து நின்றான்.

“பாதர், நான் எறியேல்ல. என்ர கை இவ்வளவுதான் நிமிரும்.”

கையை நீட்டிக் காட்டினான். உண்மைதான், அவ்வளவுதான் நிமிர்ந்தது. அடுத்த மாதம் மாவட்டத்தின் பத்தொன்பது வயதுக்குட்பட்டோர் தெரிவு. குளத்து நீரில் இரண்டு ஏக்கர் விதைக்கும் குடும்பத்துப் பிள்ளைக்கு அந்தத் தெரிவு வெறும் விளையாட்டல்ல. நல்ல பாடசாலை ஒன்றில் இடமும், பின்னர் ஒரு நிறுவனத்தின் அணியில் வேலையும் அந்த வழியால் வருவதுண்டு. ‘எறிபவன்’ என்ற பெயர் ஒட்டிக்கொண்டால் அந்த வழி அடைபட்டுவிடும்.

நடுவரைக் குறைகூற நான் வரவில்லை. அவர் ஓர் ஆசிரியர், நேர்மையானவர், பரீட்சை எழுதித் தேறிய நடுவர். தான் கண்டதைச் சொன்னார். அவரிடம் இரண்டு கண்களும் ஒரு சட்டப் புத்தகமும் இருந்தன. வேறு எதுவும் இருக்கவில்லை. அன்றிரவு எனக்கு நித்திரை வரவில்லை. எனது பாடசாலைக் காலத்து ஒரு நத்தார் விடுமுறை நினைவுக்கு வந்தது.

மெல்பேர்ணில் ஒரு நாள்

1995ஆம் ஆண்டு, டிசம்பர் 26. போர்க்காலம். எங்கள் வீட்டில் மின்சாரம் இல்லை. பற்றரி வானொலி இருந்தது. அவுஸ்திரேலியாவின் மெல்பேர்ண் மைதானத்தில் ஏறத்தாழ 55,000 பேர் பார்த்திருக்க, டரல் ஹெயார் என்ற நடுவர் முத்தையா முரளிதரனின் பந்துகளை எறிபந்துகள் எனக் கூறி மூன்று ஓவர்களுக்குள் ஏழு முறை ‘நோ போல்’ வழங்கினார். அதுவும், வழமையாக இத்தகைய தீர்ப்பை வழங்கும் காற்பக்க நடுவராக அல்ல, பந்து வீசும் முனையில் நின்றவாறே. அணித்தலைவர் அர்ஜுன ரணதுங்க பின்னர் முரளியை மறுமுனைக்கு மாற்றினார். அங்கே நின்ற நியூசிலாந்து நடுவர் ஸ்டீவ் டன் அவரது பந்துவீச்சில் எந்தக் குறையும் காணவில்லை. ஒரே நாள், ஒரே மைதானம், ஒரே கை. இரு கண்களுக்கு இரு தோற்றம்.

பத்து நாட்கள் கழித்து, 1996 ஜனவரி 5இல், பிறிஸ்பேனில் நடந்த ஒருநாள் போட்டியில் றொஸ் எமர்சன் என்ற நடுவரும் அவ்வாறே செய்தார். ரணதுங்க முரளியை ‘லெக் பிறேக்’ வீசச் சொன்னார். மணிக்கட்டால் உருட்டிவிடும் அந்தப் பந்தை எறிவது மிகக் கடினம் என்பது விளையாடிய எவருக்கும் தெரியும். அதற்கும் ‘நோ போல்’. கை நீளுகிறதா என்று நடுவர் பார்க்கவில்லை. இவன் எறிபவன் என்று முடிவுசெய்துவிட்டே பார்த்தார் என்பதுதான் எனது எண்ணம். தீர்மானம் முந்திவிட்டால் கண்ணும் அதன் பின்னால்தான் போகும். இது நடுவர்களுக்கு மட்டும் உரிய குறையல்ல.

முரளிக்கு அப்போது 23 வயது. தேயிலைத் தோட்டத்தில் வேலைசெய்ய இந்தியாவிலிருந்து வந்த ஒருவரின் பேரன். கண்டியில் பிறந்து, கட்டுகஸ்தோட்டை புனித அந்தோனியார் கல்லூரியில் படித்தவர். முதலில் மிதவேகப் பந்து வீசியவர், பதினான்கு வயதளவில் பயிற்றுநரின் சொற்கேட்டுச் சுழற்பந்துக்கு மாறினார். அவருடைய வலது முழங்கை பிறவியிலேயே வளைந்தது. அதை முழுதாக நிமிர்த்த அவரால் இயலாது.

இங்கே சட்டத்தைச் சற்று விளக்க வேண்டும், ஏனெனில் இதில்தான் பலர் வழுக்குகிறார்கள். கை வளைந்திருப்பது குற்றமல்ல. கை தோள் மட்டத்துக்கு உயர்ந்த கணத்திலிருந்து பந்து விரலை விட்டு நீங்கும் கணம்வரை முழங்கை *நிமிர்ந்தால்* தான் குற்றம். வளைந்த கையை அதே வளைவில் வைத்துச் சுழற்றிப் பந்தை விடுபவன் ஒரு தவறும் செய்யவில்லை. கல்லெறியும்போது நமது முழங்கை மடிந்து சட்டென்று நிமிர்கிறதல்லவா, அந்த நிமிர்வையே சட்டம் தடுக்கிறது.

அப்படியானால் நடுவர்கள் நிமிர்வைக் கண்டதாக ஏன் எண்ணினார்கள்?

குப்பி விளக்கில் ஒரு சோதனை

வாசகர்கள் இதை இன்றிரவே செய்துபார்க்கலாம். முழங்கைபோல வளைந்த ஒரு கொய்யாக் கம்பை எடுங்கள். விளக்குக்கும் சுவருக்கும் நடுவே அதைப் பிடித்து, மெதுவாக விரல்களுக்கிடையே உருட்டுங்கள். சுவரில் விழும் நிழலைப் பாருங்கள். ஒரு நிலையில் நிழல் வளைந்திருக்கும். இன்னும் சற்று உருட்டினால் நேராகிவிடும். மேலும் உருட்டினால் மீண்டும் வளையும். கையிலுள்ள கம்பில் ஒரு மாற்றமும் இல்லை. நிழல் மட்டும் நிமிர்ந்து மடிகிறது.

தொலைக்காட்சிப் படமும் ஒருவகை நிழல்தான். நீளம், அகலம், ஆழம் மூன்றும் உள்ள கையை அது நீளமும் அகலமும் மட்டுமுள்ள திரையில் விழுத்துகிறது. முரளியின் தோள் மிகவும் இலகுவாகச் சுழலும். மணிக்கட்டும் அப்படியே. அந்த வளைந்த கை அந்த வேகத்தில் உருளும்போது, ஓரிடத்தில் நின்று பார்ப்பவனுக்கு அது நிமிர்வதுபோலவே தோன்றும். தூரத்தில் ஒரே இடத்தில் நிற்கும் நடுவரின் கண்ணும் கொய்யாக் கம்பின் நிழலைப் பார்க்கும் கண்தான்.

1996இல் முரளி மேற்கு அவுஸ்திரேலியப் பல்கலைக்கழகத்திலும் ஹொங்கொங் விஞ்ஞான தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்திலும் பரிசோதிக்கப்பட்டார். பேர்த் நகரிலுள்ள முதலாவது பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் புரூஸ் எலியட் இத்துறையின் முன்னோடி. இவ்வகை ஆய்வின் தத்துவம் எளிது. தோள், முழங்கை, மணிக்கட்டு ஆகிய இடங்களில் அடையாளங்கள் இடப்படும். சுற்றிவரப் பல கமராக்கள் வைக்கப்படும். சாதாரண தொலைக்காட்சி ஒரு செக்கனில் 25 படங்கள் எடுத்தால், ஆய்வுகூடக் கமரா அதைப்போலப் பல மடங்கு எடுக்கும். ஒரு கமராவுக்கு மறையும் ஆழம் இன்னொன்றுக்குத் தெரியும். கணினி எல்லாவற்றையும் சேர்த்து, மேற்கைக்கும் முன்கைக்கும் இடையிலுள்ள கோணத்தை ஒவ்வொரு கணத்துக்கும் கணிக்கும். நிழல்களைப் பல பக்கமிருந்து சேர்த்துக் கம்பை மீண்டும் கண்டுபிடிப்பது என்று சொல்லலாம்.

முடிவு: எறிவதுபோலத் தோன்றுவது பார்வை மயக்கம். முரளி தொடர்ந்து ஆடினார். அதே ஆண்டு மார்ச் 17இல் லாகூரில் உலகக் கிண்ணத்தை வென்ற அணியிலும் இருந்தார். ஆனாலும், ஆய்வுகூடம் சொன்னதை எல்லோரும் ஏற்றார்கள் என்று நினைக்க வேண்டாம். 1999 ஜனவரியில் அடிலெயிட்டில் எமர்சன் மீண்டும் ‘நோ போல்’ கூப்பிட, ரணதுங்க அணியை எல்லைக் கோடுவரை அழைத்துச் சென்ற காட்சியை மறக்க முடியாது. 2004இல் அவுஸ்திரேலியப் பிரதமர் ஜோன் ஹவார்டே முரளி எறிகிறார் என்று பகிரங்கமாகச் சொன்னார். ஒரு நாட்டின் பிரதமருக்கு இதற்கெல்லாம் நேரம் கிடைத்தது ஆச்சரியம்தான்.

கருவி சட்டத்தையே பிடித்தது

2004இன் கதை இன்னும் சுவையானது. முரளி அப்போது ‘தூஸ்ரா’ என்ற மறுபக்கம் திரும்பும் பந்தை வீசத் தொடங்கியிருந்தார். போட்டி மத்தியஸ்தர் கிறிஸ் புரோட் அதுபற்றி முறைப்பாடு செய்தார். பேர்த்தில் அளந்தபோது அந்தப் பந்தில் முழங்கை 14 பாகை நிமிர்வது தெரியவந்தது. திருத்தப் பயிற்சிக்குப் பின் அது ஏறக்குறைய 10 ஆகக் குறைந்தது. சுழற்பந்து வீச்சாளருக்கு அப்போது அனுமதித்த எல்லை 5 பாகை மட்டுமே. அதாவது, முன்பு முரளியைக் காப்பாற்றிய அதே கருவி இப்போது அவருக்கு எதிராகச் சாட்சி சொன்னது. நேர்மையான அளவுகோல் என்றால் அப்படித்தான் இருக்கும். நமக்கு வேண்டியபோது மட்டும் அதை நம்புவது முறையல்ல.

ஆனால் கருவி அத்துடன் நிற்கவில்லை. அதே ஆண்டு செப்டெம்பரில் இங்கிலாந்தில் நடந்த சம்பியன்ஸ் கிண்ணப் போட்டிகளில் ஏனைய பந்துவீச்சாளர்களும் அதிவேகக் கமராக்களால் படம்பிடிக்கப்பட்டனர். ஏறக்குறைய எல்லோருடைய முழங்கையும் ஓரளவு நிமிர்வது தெரியவந்தது. வேகப்பந்து வீச்சாளருக்கான எல்லை 10 பாகை. தூய்மையான வீச்சுக்கு உதாரணமாகக் காட்டப்பட்டு வந்த கிளென் மக்ராத், ஷோன் பொலக் போன்றோரும் அந்த எல்லையைத் தாண்டினர் என்று செய்திகள் வெளிவந்தன. ‘நிமிரக் கூடாது’ என்று சொல்லிவந்த சட்டத்தை, சொல்லுக்குச் சொல் பின்பற்றினால் உலகில் பந்து வீசுவதற்கு ஆளே மிஞ்சமாட்டார்கள்!

சர்வதேச கிரிக்கெட் சபை முன்னாள் வீரர்கள் குழுவொன்றிடம் ஆய்வாளரின் சான்றுகளைக் கொடுத்தது. நம் நாட்டு அரவிந்த டி சில்வாவும், முரளியின் வீச்சை முன்பு கடுமையாகச் சாடிவந்த மேற்கிந்திய வீரர் மைக்கல் ஹோல்டிங்கும் அக்குழுவில் இருந்தனர். சான்றுகளைப் பார்த்த பின் ஹோல்டிங் தன் கருத்தை மாற்றிக்கொண்டார். எனக்கு இந்தக் கதை முழுவதிலும் மிகப் பிடித்த இடம் இதுதான். அளவுகோல் இருந்தும் மனம் மாறாதவர் பலர். அவர் மாறினார், அதை மறைக்கவும் இல்லை.

2005 மார்ச் முதலாம் திகதி தொடக்கம் எல்லா வகைப் பந்துவீச்சாளருக்கும் 15 பாகை என்ற ஒரே எல்லை நடைமுறைக்கு வந்தது. முரளிக்காகவே சட்டத்தை வளைத்தார்கள் என்று இன்றும் சிலர் சொல்வதுண்டு. வேகப்பந்து வீச்சாளர் பலரைக் காப்பாற்றவும் அந்த எண் வேண்டியிருந்தது என்பதை அவர்கள் சொல்வதில்லை. 15 என்ற எண் எப்படி வந்தது தெரியுமா? அதற்கு மேற்பட்ட நிமிர்வே வெறும் கண்ணுக்குத் தெரியத் தொடங்கும் என்று கருதப்பட்டதால். இத்தனை கமராக்களையும் கணினிகளையும் சுற்றிவந்து, சட்டம் இறுதியில் மனிதக் கண்ணிடமே திரும்பிவந்தது.

முரளி 2010 ஜூலை 22இல் காலியில், தனது இறுதி டெஸ்ட் போட்டியில், 800ஆவது விக்கெட்டை வீழ்த்தி விடைபெற்றார்.

அளவுகோல் இல்லாதவர்கள்

முரளிக்கு ஓர் அணித்தலைவரும் ஒரு கிரிக்கெட் சபையும் ஓர் ஆய்வுகூடமும் கிடைத்தன. அவர் நூறு ஆண்டுக்கு முன் பிறந்திருந்தால்? அவ்வளவு தூரம் போகவும் தேவையில்லை. தென்னாபிரிக்காவின் ஜெஃப் கிரிஃபின் பாடசாலைக் காலத்தில் நேர்ந்த ஒரு விபத்தால் வலது கையை இயல்பாக நிமிர்த்த இயலாதவர். 1960இல் இங்கிலாந்தின் லோர்ட்ஸ் மைதானத்தில், அடுத்தடுத்த மூன்று பந்துகளில் மூன்று விக்கெட்டுகளை வீழ்த்தினார். தென்னாபிரிக்கர் ஒருவர் டெஸ்ட் போட்டியில் அவ்வாறு செய்தது அதுவே முதல் தடவை. அதே போட்டியில் எறிகிறார் என்று பதினொரு முறை ‘நோ போல்’ கூப்பிடப்பட்டார். போட்டி சீக்கிரம் முடிந்ததால் பார்வையாளருக்காகக் காட்சி ஆட்டம் ஒன்று வைத்தார்கள். அதிலும் அவரை விடவில்லை. வேறு வழியின்றிக் கையைத் தாழ்த்தி உருட்டிவிட்டார். வீசும் முறையை மாற்றுவதாக முன்கூட்டி அறிவிக்கவில்லை என்று அதற்கும் ‘நோ போல்’! அது அவருடைய இரண்டாவது டெஸ்ட் போட்டி. மூன்றாவது வரவே இல்லை. அவருடைய முழங்கை உண்மையில் நிமிர்ந்ததா, அல்லது அதுவும் கொய்யாக் கம்பின் நிழலா? அளந்து பார்க்க அன்று கருவி இல்லை.

கருவி இருந்தாலும் எல்லாம் சரியாகிவிடும் என்றில்லை. நமது சுசந்திகா ஜயசிங்கவை எடுத்துக்கொள்வோம். 2000ஆம் ஆண்டு சிட்னி ஒலிம்பிக்கில் 200 மீற்றர் ஓட்டத்தில் மூன்றாவதாக வந்தார். இரண்டாவது வந்தவருக்கும் அவருக்கும் இடையே ஒரு செக்கனில் நூறில் ஒரு பங்கு: 22.27, 22.28. மனிதன் கையால் அழுத்தும் கடிகாரத்துக்கு அந்த வித்தியாசம் அகப்படாது. முடிவுக் கோட்டுக் கமராவே அதைப் பிரித்தது. அவ்வளவு நுட்பமான விளையாட்டுக்கு, முதலாவதாக வந்த மரியன் ஜோன்ஸ் ஊக்கமருந்து பாவித்திருந்தது அன்று தெரியவில்லை. அவரை அகப்படுத்தியது ஒலிம்பிக் ஆய்வுகூடமல்ல. 2007இல் அமெரிக்க நீதிமன்றத்தில் அவரே ஒப்புக்கொண்டார். சுசந்திகாவுக்கு வெள்ளிப் பதக்கம் என்று தீர்மானமானது 2009 டிசம்பரில். ஒன்பது ஆண்டுகள்.

நெல் விற்கப்போன எந்த விவசாயிக்கும் இதெல்லாம் புதிதல்ல. முன்பெல்லாம் வியாபாரி சாக்குக்குள் கைவிட்டு நாலு நெல்லை எடுத்துப் பல்லால் கடித்து, “ஈரம் கூட” என்பார். மூட்டைக்கு இத்தனை கிலோ கழிவு. விவசாயியும் கடித்துப் பார்த்து, “நல்லாக் காய்ஞ்சிருக்கு” என்பார். யார் பல் சரி? பின்னர் ஈரப்பதம் அளக்கும் கருவி வந்தது. 14 சதவீதத்துக்கு மேல் ஈரம் இருக்கக் கூடாது. (முரளியின் தூஸ்ராவிலும் அதே 14, வேடிக்கைதான்.) வாக்குவாதம் குறைந்தது உண்மை. ஆனால் கருவி வியாபாரியின் மேசையில் இருந்தது. காட்டிய எண்ணை அவரே வாசித்தார். எமது பகுதி விவசாயிகள் சிலர் சேர்ந்து சொந்தமாக ஒரு கருவி வாங்கி, வீட்டிலேயே அளந்துகொண்டு போகத் தொடங்கிய பின்னரே விலை பேசும் தொனி மாறியது. அளவுகோல் வருவது ஒன்று. அது நம் கைக்கு எட்டுவது இன்னொன்று.

விளையாட்டிலும் அளவுகோல் மெல்ல மெல்ல நமக்குக் கிட்ட வந்துகொண்டிருக்கிறது. முன்பு பேர்த்துக்குப் போக வேண்டியிருந்தது. பின்னர் சென்னை போரூரிலுள்ள ஸ்ரீ ராமச்சந்திரா நிலையத்தின் ஆய்வுகூடம் சர்வதேச கிரிக்கெட் சபையின் அங்கீகாரம் பெற்றது. நமது தரிந்து கௌஷாலின் தூஸ்ரா 2015இல் அங்கேதான் அளக்கப்பட்டுத் தடைசெய்யப்பட்டது. அகில தனஞ்சய 2018 டிசம்பரில் இடைநிறுத்தப்பட்டு, 2019 பெப்ரவரியில் சென்னையில் மீளப் பரிசோதிக்கப்பட்டு அனுமதி பெற்றார். அதே ஆண்டு செப்டெம்பரில் மறுபடியும் ஒரு வருடத் தடை. தீர்ப்பு சாதகமோ பாதகமோ, அவர்களுக்கு ஓர் எண் கிடைத்தது. எண்ணை வைத்துக்கொண்டு பயிற்றுநரிடம் போய்த் திருத்தலாம்.

எங்கள் மாணவனுக்கு எண் இல்லை. இன்னொன்றும் உண்டு. 15 பாகை என்பது சர்வதேச கிரிக்கெட் சபையின் விதி. கிரிக்கெட்டின் பொதுச் சட்டத்தில் அந்த எண் இல்லை; அங்கே இன்றும் ‘நிமிரக் கூடாது’ என்பதுதான். ஆகவே, அளந்து பார்க்கும் வசதியுள்ள உயர்மட்ட வீரனுக்குச் சலுகை 15 பாகை. அளக்க வழியில்லாத கிராமத்துப் பிள்ளைக்குச் சட்டப்படி ஒரு பாகையும் இல்லை, தீர்ப்பும் வெறும் கண்ணால். இதை நினைக்கும்போது எனக்கு ஆத்திரம் வருகிறது.

மூங்கில் பத்தை

போட்டி முடிந்த வாரமே அணித்தலைவர் ஒரு கைத்தொலைபேசியுடன் வந்தார். அந்த ஓவரை யாரோ வீடியோ எடுத்திருந்தார்கள். இன்றைய கைத்தொலைபேசிகள் ஒரு செக்கனில் 240 படங்கள்கூட எடுக்கும். மெதுவாக ஓடவிட்டுக் காட்டினார். பார்த்தேன். கை தெளிவாக நிமிர்ந்தது! நடுவர் சொன்னது சரிதானே என்று நானும் ஒரு கணம் நினைத்துவிட்டேன். பிறகுதான் கொய்யாக் கம்பு ஞாபகம் வந்தது. எத்தனை படம் எடுத்தாலும் ஒரு பக்கத்திலிருந்து எடுத்தால் அது நிழல்தான். கருவி நவீனமாக இருந்ததால் பழைய மயக்கம் முன்னிலும் உறுதியாகிவிட்டது. இனிமேல் ஊரில் யாரும், “வீடியோவிலேயே இருக்கே” என்று சொல்லலாம். பாதிக் கருவியால் வரும் ஆபத்து இதுதான். மூன்று பக்கத்திலிருந்து ஒரே நேரத்தில் எடுத்தால் ஓரளவு பயனுண்டு. அப்போதும் கோணம் கணிக்கக் கணினி அறிவு வேண்டும்.

வேறு வழி தேடியபோது முரளியின் கதையே உதவியது. 2004இல் அவர் தொலைக்காட்சிக் கமராக்கள் முன்னிலையில், எஃகுக் கம்பிகளால் உறுதியாக்கிய உறை ஒன்றை முழங்கையில் அணிந்து, அசையவே முடியாத அந்தக் கையால் தனது மூன்று வகைப் பந்துகளையும் வீசிக் காட்டினார். முழங்கை நிமிராமலே பந்தைத் திருப்ப முடியும் என்பதை எவருக்கும் விளங்கும்படி காட்டிய சோதனை அது. கணினி வேண்டாம், பல்கலைக்கழகம் வேண்டாம்.

எஃகு உறைக்கு எங்கே போவது? முறிவு வைத்தியர் ஒருவர் பக்கத்துக் கிராமத்தில் இருக்கிறார். அவரிடம் மாணவனைக் கூட்டிச் சென்றேன். விடயத்தைக் கேட்டுச் சிரித்தார். “உடையாத கைக்குப் பத்தை கட்டச் சொல்லி இதுவரைக்கும் ஒருத்தரும் வரேல்ல பாதர்” என்றார். நாலு மூங்கில் பத்தைகளைச் சீவி, கை வளைந்திருந்த அதே வளைவுக்கு நெருப்பில் வாட்டி எடுத்து, சீலை சுற்றி இறுக்கிக் கட்டினார். முழங்கையை நான் பலமாக இழுத்துப் பார்த்தேன், அசையவில்லை.

பாடசாலை விட்ட பின் தும்புப் பாயில் பன்னிரண்டு பந்துகள் வீசினான். முதல் நாலைந்தும் எங்கெங்கோ போயின. பிறகு பழகிக்கொண்டான். பந்து திரும்பியது. முன்புபோல அவ்வளவு வேகம் இல்லை, ஆனால் திரும்பியது. துடுப்பெடுத்து நின்ற பையன் இரண்டு முறை ஏமாந்தான்.

நடுவரை அழைத்துக் காட்டினோம். பொறுமையாகப் பார்த்தார், பத்தையைத் தட்டிப் பார்த்தார். பிறகு அவர் சொன்னதை நான் மறுக்க முடியவில்லை. “பாதர், கட்டி வீசும்போது எறியேல்ல, ஒத்துக்கொள்கிறேன். கட்டை அவிழ்த்துப்போட்டு மைதானத்தில் வீசும்போது எறிகிறானா இல்லையா என்று இது எப்படிச் சொல்லும்?” முரளியின் உறைச் சோதனைக்கும் அன்று விமர்சகர்கள் இதையேதான் சொன்னார்கள். எறியாமலும் வீச முடியும் என்பதைப் பத்தை காட்டும். எறியவில்லை என்பதைக் காட்டாது. மனிதர் படித்தவர். நான் வாயடைத்து நின்றேன்.

மாவட்டத் தெரிவுக்கு அவன் போனான், துடுப்பாட்டக்காரனாக. இரண்டாம் சுற்றில் விடப்பட்டான். பந்து கேட்கவே இல்லை என்று பின்னர் சொன்னான். “மூன்று தரம் கூப்பிட்டாலே காணும் பாதர், ஊர் முழுக்கத் தெரிஞ்சிடும்” என்றான்.

சென்னைக்கு ஒரு பிள்ளையை அனுப்புவது எங்களால் இயலாது. மாவட்டத்துக்கு ஒரு முறையாவது இத்தகைய கமராத் தொகுதியைக் கொண்டுவந்து, சந்தேகத்துக்கிடமான இளம் பந்துவீச்சாளரை அளந்து பார்க்க ஏற்பாடு செய்தால் என்ன? நடமாடும் கண் மருத்துவ முகாம் வருகிறது, நடமாடும் அடையாள அட்டைச் சேவை வருகிறது. முழங்கைக்கு மட்டும் ஏன் கூடாது? உரியவர்களுக்கு எழுதியிருக்கிறேன்; பதில் வரவில்லை, இரண்டாவது கடிதமும் போய்விட்டது. உடற்றொழிலியலோ பௌதிகமோ படிக்கும் பல்கலைக்கழக மாணவர்கள் யாராவது இதை வாசித்தால், மூன்று கைத்தொலைபேசிகளைக் கொண்டு கோணம் கணிக்கும் இலகு வழியொன்றை எமக்குச் சொல்லித்தருமாறு வேண்டுகிறேன். தங்குமிடமும் சாப்பாடும் எம் பொறுப்பு; குளத்து மீன் நல்ல மீன்.

இதற்கிடையில் நடுவர் ஒரு காரியம் செய்தார். அடுத்த போட்டிக்கு அரை மணித்தியாலம் முன்னதாக வந்து, முதலில் பத்தையோடு ஆறு பந்தும், பிறகு பத்தை இல்லாமல் ஆறு பந்தும், காற்பக்கம், நேர் பின்புறம், எதிர்ப்பக்கம் என்று மூன்று இடத்திலும் நின்று பார்க்கச் சம்மதித்திருக்கிறார். இரண்டு வீச்சும் அவர் கண்ணுக்கு ஒன்றாகவே தோன்றினால் பந்து வீச விடுவாராம். சந்தேகம் இருந்தால் விடமாட்டார்; அதையும் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டார். மாணவன் ஒத்துக்கொண்டான். பெரும்போக அறுவடை முடிந்த முதலாவது ஞாயிற்றுக்கிழமை, பூசைக்குப் பிறகு. மூங்கில் பத்தைகள் என் அலுவலக அலுமாரியில் இருக்கின்றன. மறக்காமல் எடுத்துக்கொண்டு போக வேண்டும்.